பெயருக்குப் பின்னால் ஓர் எழுத்து

லெப்டினன்ட் நோவா பில்பீம் ஏன் பந்து போடுவதில்லை என்ற கேள்வி 1886ஆம் வருடக் கோடையில் என்னைப் பிடித்து ஆட்டியது. எனக்கு ஒரு விஷயம் தெரியவில்லை என்றால் சாப்பாடு இறங்காது. அப்பா இதை நோய் என்பார். நோயாகவே இருக்கட்டும்.

ஹோல்ம்ஸ்டன் பட்டாளத்துக் கிரிக்கெட் மைதானத்தில், ஆடுபவர்களின் பெயரும் ரன்னும் போட்ட ஆட்டச் சீட்டு அச்சடித்து விற்பது எங்கள் குடும்பத் தொழில். அப்பாவுக்குக் கண் மங்கிய பிறகு ஈய எழுத்தைக் கோப்பதிலிருந்து மை தடவி இழுப்பதுவரை எல்லாம் நான்தான். ஸ்கோர் பலகைக்கு அடியில் எங்கள் மரக் கொட்டகை. ஜன்னல் வழியாக மைதானம் முழுவதும் தெரியும். பின்சுவர்ப் பலகை வழியாக, யாருக்கும் கேட்கக் கூடாது என்று பேசுவதெல்லாம் கேட்கும்.

பில்பீமை எனக்குப் பதினைந்து வயதிலிருந்து தெரியும். அப்போது அவர் வெறும் சிப்பாய். இங்கிலாந்தின் ஸஸெக்ஸ் மேட்டு நிலத்தில் ஆடு மேய்த்தவரின் மகன். ஆட்டுப் பட்டியின் தட்டிகளில் டர்னிப் கிழங்கை எறிந்து எறிந்துதான் கை பழகியதாம். எந்தத் தட்டியில் எந்தக் குச்சி என்று சொன்னால் அந்தக் குச்சியில் அடிப்பார். பதினேழு வயதில் பட்டாளத்தில் சேர்ந்தார். அங்கே ஒரு சார்ஜண்ட் இந்தக் கையைப் பார்த்துவிட்டார். அன்றிலிருந்து காலையில் கவாத்து, மாலையில் வலைக்குள் ஆட்டப் பயிற்சி. அதிகாரிகள் மட்டையோடு நிற்பார்கள், பில்பீம் பந்து போடுவார். சட்டை தோளோடு ஒட்டும்வரை போடுவார். ஒரு அதிகாரி களைத்துப் போனால் அடுத்தவர் வருவார். பில்பீமுக்கு அடுத்தவர் கிடையாது.

அவர் பந்து போடுவதைப் பார்க்க ஆட்டம் தெரிந்திருக்க வேண்டியதில்லை. ஏழே அடி ஓடுவார். அவசரமே இருக்காது. பந்து வெளியே போகிறது என்று நம்பி மட்டைக்காரர் விட்டுவிடுவார். விழுந்த இடத்தில் அது மனசு மாறியதுபோல உள்ளே திரும்பி ஸ்டம்பைச் சாய்த்துவிடும். மட்டைக்காரர் திரும்பிப் பார்க்கிற பார்வை இருக்கிறதே, அதற்காகவே நான் தினமும் ஜன்னலைத் திறந்து வைத்திருப்பேன்.

பிறகு பட்டாளம் கப்பலேறியது. எட்டு வருடம். ஆப்கானிஸ்தானத்தில் ஏதோ ஒரு கணவாயில் மூன்று அதிகாரிகளும் விழுந்துவிட, சார்ஜண்ட் பில்பீம் நாற்பது பேரை ஒழுங்கு குலையாமல் கீழே இறக்கிக் கொண்டுவந்தாராம். அதற்காக அவரை அதிகாரியாக்கினார்கள். ஆயிரத்தில் ஒருவருக்குக் கிடைக்காத பேறு. அதைப் பற்றி யார் கேட்டாலும் அவர் சொல்வது ஒன்றுதான்: "நாப்பது பேரும் சொன்னபடி கேட்டாங்க. ஒரு கோவேறு கழுதை இருந்துது, அதுதான் கேக்கல."

இப்படியாக அந்த வருட வசந்தத்தில் பட்டாளம் ஊர் திரும்பியது. முப்பத்தேழு வயதில், நரை எட்டிப் பார்க்க, இடுப்பில் அதிகாரியின் வாளோடு பில்பீம் வந்து இறங்கினார். கூட மனைவி ஜெமைமா. பட்டாளத்துச் சலவைக்காரியின் மகள். நான் ஜன்னலைத் திறந்து வைத்துக் காத்திருந்தேன். மே போயிற்று, ஜூன் போயிற்று. மனிதர் மட்டை பிடித்தார். மூன்று ரன், பூஜ்யம், ஏழு, மறுபடி பூஜ்யம். பந்தை எடுத்தால் பக்கத்தில் நிற்பவரிடம் சூடான கிழங்கைத் தருவதுபோலத் தந்துவிட்டு நகர்ந்துவிடுவார்.

கையில் குண்டு பாய்ந்திருக்கும் என்றார் அப்பா. கை நன்றாகத்தான் இருக்கிறது, வேலி தாண்டிய பந்தை அறுபது கஜத்திலிருந்து விக்கெட்டுக்கு நேராக எறிந்ததை நான் பார்த்தேன். மாதா கோயில் மணியடிப்பவர், ஏதோ நேர்த்திக்கடன் என்றார். கடைசியில் ஜெமைமாவிடமே கேட்டேன். அவள் என் கொட்டகைக்கு அடிக்கடி வருவாள். வேறு எங்கே போவாள் பாவம். அதிகாரிகளின் மனைவிமார் யாரும் அவள் வீட்டுப் படி ஏறுவதில்லை. சிப்பாய்களின் மனைவிமாரோ அவளைப் பார்த்ததும் பேச்சை நிறுத்திவிட்டு எழுந்து நிற்கிறார்கள்.

"கர்னல் டென்ஹம் உத்தரவு" என்றாள் ஜெமைமா.

"பந்து போடக் கூடாதுன்னா?"

"மத்த அதிகாரிங்க போடலாம். இவர் மட்டும் கூடாது. 'நீங்க பந்தைக் கையில எடுத்தா எல்லாருக்கும் பழைய ஞாபகம் வந்துடும் பில்பீம். சிப்பாய்க்கும் வரும், எங்களுக்கும் வரும். அது யாருக்கும் நல்லதில்ல'ன்னு சொன்னாராம். மரியாதையாத்தான் சொன்னாராம்."

"இவர் என்ன சொன்னாராம்?"

"சரிங்க சார்னாராம். வேற என்ன சொல்வார், சொல்லு. டார்கஸ், இந்த வாரம் கேப்டன் பதவிக்கான காகிதம் லண்டனுக்குப் போகுது. கர்னல் கையெழுத்துப் போட்டா ஒரு கம்பெனி இவருக்கு, நூறு சிப்பாய்ங்க இவர் கையில. கேப்டன் பெண்டாட்டின்னா மத்த அதிகாரிங்க பெண்டாட்டிங்க என் வீட்டுக்கு வந்துதான் ஆகணும். வராம இருக்க முடியாது, அது வழக்கம். டீ கோப்பை கூட எடுத்து வச்சுட்டேன்."

என் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டது. சாப்பாடு மட்டும் இறங்கவில்லை.

அந்த வாரம்தான் சர் ஜெர்வஸ் கோலின் அணி இரண்டு நாள் ஆட்டத்துக்கு வந்தது. ஊர் ஊராகப் போய் ஆடுகிற பணக்காரக் கனவான்கள். சர் ஜெர்வஸுக்கு எங்கள் ஊரில் யாரையும் தெரியாது, கர்னலைத் தவிர.

நான் செய்த தப்பை இப்போது சொல்லிவிடுகிறேன். எங்கள் சீட்டில் கனவான்களுக்குப் பெயரின் முதலெழுத்து முன்னால் வரும். கூலிக்கு ஆடுபவர்களுக்கும் சிப்பாய்களுக்கும் பின்னால் வரும். இதைச் சின்ன விஷயம் என்று நினைப்பவர்கள் இங்கிலாந்தில் வாழ்ந்ததில்லை. ஒரு கனவானின் எழுத்தைப் பின்னால் தள்ளியதற்காக என் தாத்தா வீடுவரை போய்த் தொப்பியைக் கழற்றி மன்னிப்புக் கேட்டிருக்கிறார். அடிக்கடி வருகிற பெயர்களை ஒவ்வொரு முறையும் கோக்க மாட்டோம். வரியாகக் கோத்து, நூல் சுற்றி, பலகையில் அடுக்கி வைத்திருப்போம். ஆட்டத்தன்று விடியற்காலை வேலை குவிந்து கிடந்தது. நான் பலகையிலிருந்து 'பில்பீம்' வரியை எடுத்துச் செருகினேன். அது எட்டு வருடத்துக்கு முந்தைய, அவர் அதிகாரியாகாத காலத்து வரி.

இருநூறு சீட்டு இழுத்த பிறகுதான் கண்ணில் பட்டது. 'பில்பீம், நோ.'

எட்டு மணிக்கு அவரே கொட்டகைக்கு வந்தார், ஆடும் வரிசையைப் பார்க்க. நான் மறைக்கவில்லை. சீட்டை நீட்டி, "லெப்டினன்ட், ஒரு தப்பு நடந்துபோச்சு. அரை மணி நேரம் குடுங்க, மாத்திடறேன்" என்றேன்.

அவர் சீட்டை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். கொஞ்சம் அதிக நேரமாகவே பார்த்தார்.

"எத்தனை அடிச்சிருக்கே?"

"இருநூறு."

"அப்ப இருக்கட்டும். காகிதம் வீணாகும்."

"காகிதம் கிடக்கட்டும். கர்னல் பார்த்தா?"

"பார்ப்பார்."

"கேப்டன் காகிதம் இந்த வாரம் போகுதுன்னு ஊரே பேசுது."

"ஊர் சரியாத்தான் பேசுது" என்றார். சீட்டை மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு போய்விட்டார். நான் அப்போதே மாற்றியிருக்க வேண்டும். ஏன் மாற்றவில்லை என்று பல நாள் யோசித்திருக்கிறேன். உண்மையைச் சொன்னால், என்ன நடக்கும் என்று பார்க்க ஆசை. அவ்வளவுதான்.

பத்து மணிக்கு சர் ஜெர்வஸ் வலைக்கு வந்தார். நல்ல உயரம், சிவந்த முகம், குரல் அடுத்த ஊர்வரை கேட்கும். சீட்டை வாங்கினார், எங்கள் பட்டாளத்துப் பெயர்களில் விரலை ஓட்டினார், எழுத்து பின்னால் வந்த ஒரு பெயரில் நிறுத்தினார்.

"பில்பீம் யாரு?"

மூங்கில் நாற்காலியில் உட்கார்ந்து காலணி நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தவர் எழுந்தார். "நான்தான், சார்."

"நீதான் இவங்க கூலிப் பந்துவீச்சாளா? வா, எனக்குக் கொஞ்சம் போடு. கை இன்னும் சூடாகல."

நான் மை உருளையைக் கீழே வைத்துவிட்டேன். நான் அதிகாரி, சார், என்று மூன்று வார்த்தை சொன்னால் முடிந்தது. அவர் சொல்லவில்லை. சுற்றும் முற்றும் பார்த்தார், கர்னல் இன்னும் வரவில்லை. மேல்சட்டையைக் கழற்றி ஒழுங்காக மடித்து நாற்காலியில் வைத்தார். "சரிங்க சார்" என்றார்.

ஏழு அடி ஓடினார். பந்து வெளியே போயிற்று, மனசு மாறிற்று, ஸ்டம்ப் சாய்ந்தது.

சர் ஜெர்வஸ் திரும்பிப் பார்த்தார். அதே பார்வை. எட்டு வருடமாக நான் காணாத பார்வை. எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

"இன்னொண்ணு போடு."

அரை மணி நேரம் போட்டார். மொத்தம் மூன்று தடவை ஸ்டம்பைக் கிளப்பினார். "எங்கேடா கத்துக்கிட்டே இதை?" என்று சர் ஜெர்வஸ் கேட்க, "ஆட்டுப் பட்டியில, சார்" என்றார் பில்பீம். சட்டை தோளோடு ஒட்டியிருந்தது. முகத்தைப் பார்த்தேன். பசித்தவன் சாப்பிட்டு முடித்த முகம். அந்த மனிதர் கணவாயிலிருந்து உயிரோடு இறங்கி வந்தபோதுகூட அப்படி ஒரு முகம் இருந்திருக்காது.

காலை ஆட்டத்தில் எங்கள் பட்டாளம் மட்டை பிடித்து நூற்றுப் பன்னிரண்டுக்குச் சுருண்டது. பில்பீம் வழக்கம்போலப் பூஜ்யம். சாப்பாட்டு வேளை வந்தது. அதிகாரிகளுக்கும் விருந்தாளிகளுக்கும் பெரிய கூடாரம். கூலிக்கு ஆடுபவர்களுக்கும் சிப்பாய்களுக்கும் வண்டிக் கொட்டகையில் ரொட்டி, சீஸ், பீர். ரன்களை நிரப்பிய புதுச் சீட்டுகளைக் கொடுக்க நான் கூடாரத்துக்குள் நுழைந்தபோதுதான் சர் ஜெர்வஸ் வாயைத் திறந்தார். வாய் நிறைய மாட்டிறைச்சி, நல்ல மனசு, எல்லாருக்கும் கேட்கிற குரல்.

"டென்ஹம், உங்க பந்துவீச்சாளையும் கூடவே உட்கார வச்சு சோறு போடறீங்களே. உங்க மனசு யாருக்கு வரும்."

 பில்பீம் தட்டைப் பார்த்தபடி இருந்தார்.

"எந்தப் பந்துவீச்சாள்?" என்றார் கர்னல்.

"இதோ, இந்த ஆள். பில்பீம். காலைல அரை மணி நேரம் எனக்குப் போட்டான். பிரமாதமான கை."

கர்னல் டென்ஹம் ஒல்லியான மனிதர், சத்தம் போடத் தெரியாதவர். நிதானமாகச் சீட்டை வாங்கிப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"மிஸ் வெனல். இது என்ன?"

 ஒரு வார்த்தையில் என் கொட்டகைக்குப் பூட்டுப் போட முடிகிற மனிதர் அவர். "தப்பு என்னோடது, சார். பழைய வரியை எடுத்து..."

"காலைல எட்டு மணிக்கே மிஸ் வெனல் எங்கிட்டக் காட்டினாங்க, சார்." பில்பீம் எழுந்து நின்றிருந்தார். "மாத்தறேன்னாங்க. வேண்டாம்னு சொன்னது நான்."

"ஏன்?"

"பந்து போடணும்போல இருந்துது, சார்."

அவ்வளவுதான் சொன்னார். அதைவிட நல்ல காரணம் ஒன்று வைத்திருந்திருக்கலாம். நான்கூட நின்ற இடத்தில் அவருக்காக மூன்று காரணம் யோசித்துவிட்டேன். கர்னலின் காது மடல் சிவந்தது. சர் ஜெர்வஸுக்கு மெல்ல மெல்லப் புரிந்தது. முகம் இன்னும் சிவக்க இடமிருந்தது என்று அப்போதுதான் தெரிந்தது.

"அடக் கடவுளே. நீங்க அதிகாரியா? நான் உங்களை அரை மணி நேரம் வேலை வாங்கிட்டேனே" என்றார். உடனே கர்னல் பக்கம் திரும்பினார். "டென்ஹம், ஒண்ணு கேக்கறேன். ஆட்டத்துலயும் இவர் எனக்குப் போடட்டும். மூணு தடவை என்னைத் தலைகுனிய வச்சிருக்கார். பதிலுக்கு நான் அடிக்க வேண்டாமா?"

விருந்தாளி கேட்கிறார். எல்லாரும் பார்க்கிறார்கள். கர்னலால் மறுக்க முடியவில்லை. "விருந்தாளி இஷ்டம்" என்றார், உதடு அசையாமல்.

மதியம் நடந்ததை நான் சீட்டில் அச்சடித்தேன், அதனால் மனப்பாடம். முப்பத்தொரு ஓவர், அந்தக் காலத்து நான்கு பந்து ஓவர். ஏழு விக்கெட். சர் ஜெர்வஸ் பதினொன்று எடுத்தார், அதில் நான்கு மட்டையின் ஓரத்தில் பட்டுப் போனவை. நான்காவது தடவையாக அவர் ஸ்டம்ப் சாய்ந்தபோது தொப்பியைக் கழற்றிவிட்டுப் போனார். வேலியோரத்துச் சிப்பாய்கள் முதலில் வாயைத் திறக்கவில்லை. ஒரு லெப்டினன்டைப் பார்த்துக் கத்தலாமா கூடாதா என்று அவர்களுக்குத் தெரியவில்லை. ஐந்தாவது விக்கெட்டில் யாரோ "நம்ம நோவா" என்றான். அதற்குப் பிறகு காது கிழிந்தது. கர்னல் அதற்குத்தான் பயந்தார். அதுதான் நடந்தது.

அதிகாரிகளின் மனைவிமார் வரிசையில், ஓரத்து நாற்காலியில் ஜெமைமா நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். ஒரு தடவைகூடக் கை தட்டவில்லை.

ஆட்டம் முடிந்து வெயில் சாயும் நேரத்தில் கர்னலும் பில்பீமும் என் கொட்டகைக்குப் பின்னால் வந்து நின்றார்கள். நான் எழுத்துகளைக் கழுவிக்கொண்டிருந்தேன். தண்ணீர்ச் சத்தத்தை நிறுத்தினேன்.

"காகிதம் என் மேஜை மேல இருக்கு" என்றார் கர்னல். "எழுதி முடிச்சாச்சு. கையெழுத்து மட்டும்தான் பாக்கி. அந்தக் கம்பெனியை உங்களைவிட நல்லா யாரும் நடத்த முடியாது. இதை நான் லண்டன்லயும் சொல்லுவேன்."

"நன்றி, சார்."

"இன்னிக்கு நடந்ததை ஒரு நாள் கூத்துன்னு விட்டுடறேன். நாளைக்கு நீங்க பந்தைத் தொடக் கூடாது. நாளைக்கு மட்டுமில்ல, இனிமே எப்பவும். எனக்கு வார்த்தை குடுங்க, ராத்திரிக்குள்ள கையெழுத்தாயிடும்."

குடுத்துத் தொலையேன், என்று பலகையைப் பார்த்து நான் முணுமுணுத்தேன். டீ கோப்பைகள் என் கண்ணுக்குள் நின்றன.



"கம்பெனியை நல்லா பார்த்துப்பேன், சார்."

"தெரியும்."

"அது போதாதா, சார்?"

"போதாது, பில்பீம்."

 பிறகு பில்பீமின் குரல், ரொம்பச் சாதாரணமாக, வானிலை கேட்பதுபோல:

"அப்ப நாளைக்கு எந்தப் பக்கத்துலேருந்து நான் போடணும், சார்?"

கர்னல் திரும்பி நடந்தார். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. கர்னல் மேல் இல்லை, பில்பீம் மேல்தான். ஒரு தோல் உருண்டைக்காக ஒரு கம்பெனியை, கேப்டன் சம்பளத்தை, பெண்டாட்டியின் ஒரே ஆசையைத் தூக்கிப் போடுகிற ஆளை என்னவென்று சொல்வது? ஜன்னலைத் திறந்து வைத்துக் காத்திருந்தவளும் நான்தான், திட்டியவளும் நான்தான். எது என் நியாயம் என்று எனக்கே தெரியவில்லை.

கேப்டன் பதவி அவரைவிடப் பன்னிரண்டு வயது இளைய ஒருவருக்குப் போயிற்று. பில்பீம் இன்னும் ஒன்பது வருடம் லெப்டினன்டாகவே இருந்து, லெப்டினன்டாகவே ஓய்வு பெற்றார். கர்னல் அவரை வேறு எந்த விதத்திலும் தொந்தரவு செய்யவில்லை, அதையும் சொல்ல வேண்டும். ஒவ்வொரு கோடையிலும் அவர் பந்து போட்டார். இதெல்லாம் பட்டாளத்துப் பதிவேட்டில் இருக்கும், தேடினால் கிடைக்கும்.

பதிவேட்டில் இல்லாதது இரண்டாம் நாள் காலை. ஆட்டம் தொடங்கப் பத்து நிமிடம். அதிகாரிகளின் மனைவிமார் வரிசையில் ஓரத்து நாற்காலி காலியாக இருந்தது. வரமாட்டாள் என்று நினைத்தேன். நானாக இருந்தால் வந்திருக்க மாட்டேன், கதவைச் சாத்திக்கொண்டு ஒரு வாரம் சமைக்காமல் இருந்திருப்பேன்.

ஜெமைமா வந்தாள். கண் வீங்கியிருந்தது. அந்த வரிசையைத் தாண்டி, வணக்கம் சொன்ன ஒரு சீமாட்டிக்குத் தலையசைத்துவிட்டு, மைதானத்தை முழுச் சுற்று சுற்றி, என் கொட்டகைக்கு முன்னால், கயிற்றை ஒட்டிப் புல்லில் உட்கார்ந்தாள். பக்கத்தில் இருந்த சிப்பாயின் மனைவி எழுந்து நிற்கப் பார்த்தாள். ஜெமைமா அவள் பாவாடையைப் பிடித்துக் கீழே இழுத்தாள்.

நான் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டினேன். "நாற்காலி அங்கே இருக்கே, ஜெமைமா."

"இருக்கட்டும்" என்றாள். கண் மைதானத்தை விட்டு அகலவில்லை. அங்கே பில்பீம் மேல்சட்டையைக் கழற்றிக்கொண்டிருந்தார். "அங்கே உக்காந்தா அவர் கை தெரியல."